ஷாவீஷ் அத்தியாவாக நடித்தவர் யார்? ரியாத் அல் கஸப்கி பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய எகிப்தியக் காமெடிப் படத்தின் ஒரு துண்டு வீடியோ அவ்வப்போது போனில் சுற்றி வரும். ராணுவ உடையில் தடித்த உருவம் ஒன்று ஒல்லியான ஆள் ஒருவரை முறைத்துக்கொண்டு நிற்கும். ஒல்லி ஆளின் பெயர் பலருக்குத் தெரியும், இஸ்மாயில் யாசீன். முறைப்பவர் யார் என்றுதான் கேள்வி வரும். அப்படி வந்த கேள்விகளும், அவற்றைத் தொடர்ந்து வந்த கேள்விகளும் கீழே.

யார் இந்த ரியாத் அல் கஸப்கி?

எகிப்திய நடிகர். 1903 செப்டம்பர் 13 அன்று மேல் எகிப்தில், இன்றைய ஸோஹாக் மாகாணத்தில் உள்ள கிர்கா என்ற ஊரில் பிறந்தார், 1963 ஏப்ரல் 23 அன்று இறந்தார். நைல் தெற்கிலிருந்து வடக்கே ஓடுவதால் அங்கே தெற்கைத்தான் மேல் எகிப்து என்பார்கள், வரைபடத்தில் மேலே தேடாதீர்கள். 1930களின் நடுவிலிருந்து சுமார் 25 வருடங்கள் படங்களில் நடித்தார். அடியாள், திருடன், காவலாளி, கசாப்புக் கடை ஆள், முரட்டு சார்ஜென்ட் என்று எல்லாமே இரண்டாம் மூன்றாம் வரிசை வேடங்கள். அதில் அந்த சார்ஜென்ட் வேடம் மட்டும் அவருடைய சொந்தப் பெயரையே விழுங்கிவிட்டது. கெய்ரோவில் ரியாத் அல் கஸப்கி என்று சொன்னால் யோசிப்பவர்கள்கூட ‘ஷாவீஷ் அத்தியா’ என்றதும் சிரித்துவிடுவார்கள்.

ஷாவீஷ் என்பது பெயரா?

பதவி. துருக்கியர் ஆட்சிக் காலத்திலிருந்து வந்தது, நம் ஊர் ஹவில்தார், சார்ஜென்ட் மாதிரி. அத்தியாதான் பெயர்.

அப்படியென்றால் உண்மையிலேயே ராணுவத்தில் இருந்தவரா? நடை, மிரட்டல் எல்லாம் அசலாக இருக்கிறதே.

இல்லை, ரயில்வே ஆள். எகிப்திய ரயில்வேயில் டிக்கெட் பரிசோதகராக வேலை பார்த்தார்.

இதைக் கேட்டதும் எனக்கு அந்த முறைப்பு எங்கிருந்து வந்தது என்று புரிந்துவிட்ட மாதிரி இருந்தது. டிக்கெட் இல்லாமல் ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்து தூங்குவதுபோல் நடிக்கும் பயணி முன்னால், ஒன்றும் பேசாமல் வெறுமனே நிற்பது ஒரு கலைதானே. இது என் ஊகம், அவர் எங்கும் அப்படிச் சொன்னதாகக் கதை கட்டிவிடாதீர்கள்.

எகிப்தில் ரயில் மிகப் பழசு. அலெக்ஸாந்திரியா – கெய்ரோ பாதை 1850களிலேயே ஓட ஆரம்பித்துவிட்டது. இருபதாம் நூற்றாண்டு தொடங்கும்போது ரயில்வே அரசாங்கத்துக்குள் ஒரு தனி ஊர் மாதிரி. அதற்குச் சொந்தமாகக் கால்பந்து கிளப் இருந்தது (ஸிக்கா அல் ஹதீத், அதாவது ரயில்வே கிளப், ஆரம்பித்தது 1903, தற்செயலாக நம் ஆள் பிறந்த அதே வருடம்). ஊழியர்களுக்குள்ளேயே நாடகக் குழுவும் இருந்தது. ரியாத் முதலில் மேடை ஏறியது அந்த ரயில்வே குழுவில்தான். பகலில் ரயில், ராத்திரியில் நாடகம். மாதச் சம்பளம் வரும் வேலையை வைத்துக்கொண்டு நடிப்பைப் பழகிப் பார்த்தவர்களில் இவரும் ஒருவர்.

ரயிலிலிருந்து சினிமாவுக்கு எப்படிப் போனார்?

நேராகப் போகவில்லை, நாடகக் கம்பெனிகள் வழியாகப் போனார். பெயர் வாங்கிய குழுக்கள் பலவற்றில் அவர் இருந்திருக்கிறார். முக்கியமாக இரண்டைச் சொல்லலாம். ஒன்று அலி அல் கஸ்ஸாருடையது, முழுக்கச் சிரிப்பு. மற்றொன்று ஜார்ஜ் அப்யத், தவ்லத் அப்யத் தம்பதியின் குழு. அங்கே சோக நாடகம், கம்பீரமான செம்மொழி அரபு, நீள நீள வசனம். ஒரே ஆள் இரண்டு பக்கமும் வேலை செய்தது பின்னால் ரொம்ப உதவியது. அவருடைய காமெடி வேடங்களைக் கவனித்துப் பார்த்தால், நான் காமெடி பண்ணுகிறேன் என்ற குறிப்பே முகத்தில் இருக்காது. சோக நாடகத்தில் வில்லன் நிற்பதுபோல் நிற்பார்.

காலமும் ஒத்துழைத்தது. 1920இல் பங்க் மிஸ்ர் என்ற தேசிய வங்கியைத் தொடங்கிய தலஅத் ஹர்ப், அந்த வங்கியின் பணத்திலேயே கெய்ரோவில் ஸ்டூடியோ மிஸ்ர் கட்டினார், அது 1935இல் திறந்தது. பேசும்படம் வந்த புதிது, ஸ்டூடியோ வந்த புதிது. குரலும் உடம்பும் உள்ள மேடை நடிகர்கள் எல்லாருக்கும் அழைப்பு. ரியாதின் பெயர் 1936இல் வந்த ‘கறுப்புக் கை’ படத்திலிருந்து வர ஆரம்பிக்கிறது. 1939இல் தோகோ மிஸ்ராஹி இயக்கி அலி அல் கஸ்ஸார் நடித்த ‘மூன்று பவுண்டு கடன் கொடு’ படத்திலும் உண்டு. அதற்கப்புறம் வரிசையாக அடியாள் வேடங்கள்தான்.

இஸ்மாயில் யாசீனைப் பற்றி இரண்டு வரி சொல்லுங்கள்.

1912இல் சூயஸில் பிறந்தவர், பாடகராக வேண்டும் என்று கெய்ரோ வந்தவர். முகமும் அகண்ட வாயும் அதற்கு ஒத்துவராததால் மேடையில் தனியாள் நகைச்சுவைப் பாட்டுக்காரராக மாறி, அப்புறம் சினிமாவில் எகிப்தின் மிகப்பெரிய காமெடியனானார். 1950களில் அவர் பெயரைப் போட்டாலே டிக்கெட் விற்கும் என்ற நிலை, அதனால் படத்தின் பெயரிலேயே அவரைப் போட்டார்கள்: இஸ்மாயில் யாசீன் பேய் வீட்டில், இஸ்மாயில் யாசீன் சிறையில், இஸ்மாயில் யாசீன் டார்ஸான் என்று போய்க்கொண்டே இருக்கும். 1972இல் இறந்தார்.

ஷாவீஷ் அத்தியா எந்தப் படத்தில் வருகிறார்?

ஒரு படத்தில் இல்லை, ஒரு தொடரில். ஃபதீன் அப்துல் வஹாப் இயக்கிய படைப் படங்கள்: ராணுவத்தில் (1955), போலீஸில் (1956), கடற்படையில் (1957), ராணுவப் போலீஸில் (1958), விமானப் படையில் (1959). எல்லாவற்றிலும் முன்னால் ‘இஸ்மாயில் யாசீன்’ என்று சேர்த்துக்கொள்ளுங்கள். அத்தியாவின் முழு வீச்சையும் பார்க்க ராணுவமும் கடற்படையும் போதும்.

கதை எல்லாவற்றிலும் ஏறக்குறைய ஒன்றுதான். ஒன்றுக்கும் லாயக்கில்லாத, பயந்த சுபாவமுள்ள ஒருவன், பெரும்பாலும் ஒரு பெண்ணுக்காகவோ குடும்பத் தகராறாலோ படையில் சேருவான். அங்கே அவனுக்கு வாய்க்கும் சார்ஜென்ட் அத்தியா. மிச்சத்தை நீங்களே ஊகிக்கலாம். ஊகித்தபடியேதான் நடக்கும், அப்படியும் சிரிப்பு வரும்.

எல்லாரும் சொல்கிற அந்தப் பீரங்கிக் காட்சி என்ன?

இந்தத் தொடரிலேயே அதிகம் சுற்றுவது அதுதான். அத்தியா கேட்கிறார், பீரங்கியில் உன் வேலை என்ன? இஸ்மாயில் பதில் சொல்கிறார்: “பொரோரொம்!” அவ்வளவுதான் வசனம். குண்டு வெடிக்கும் சத்தத்தை வாயால் எழுப்புவதுதான் தன் வேலை என்று நினைத்துக்கொண்டிருக்கிறான் அந்த ஆள்.

எழுத்தில் படித்தால் இதில் ஒன்றுமே இல்லை. ஒரு சின்னப் பையன்கூட இதைவிட நல்ல ஜோக் சொல்வான். ஆனால் காட்சியைப் பாருங்கள், முக்கியமாக இஸ்மாயிலைப் பார்க்காமல் ரியாதை மட்டும் பாருங்கள். கேள்வியை அவர் கேட்கும் விதத்தில் கொஞ்சம்கூட அவசரம் இல்லை. பதில் வந்ததும் உடனே கத்துவதும் இல்லை. அந்தச் சத்தம் அவர் காதுக்குள் போய், மூளைக்குப் போய், அங்கே அதற்கு அர்த்தம் தேடி, கிடைக்காமல் திரும்பி வரும் வரை முகத்தை அப்படியே வைத்திருக்கிறார். கோபம் கழுத்திலிருந்து மேலே ஏறுவது தெரியும். அப்புறம்தான் குரல்.

இதை நான் இவ்வளவு நீட்டுவதற்குக் காரணம் உண்டு. இஸ்மாயில் யாசீன் என்ன சேட்டை வேண்டுமானாலும் செய்யட்டும், எதிரில் இருப்பவர் அதை நிஜமாக நம்பி நிஜமாகக் கோபப்பட்டால்தான் நாம் சிரிப்போம். எதிரில் இருப்பவர் லேசாக உதட்டைச் சுழித்து, எனக்கும் இது ஜோக் என்று தெரியும் என்று காட்டிவிட்டால் காட்சி செத்துவிடும். ரியாத் ஒரு தடவைகூட அப்படிக் காட்டிக்கொடுக்க மாட்டார். அந்தப் படங்களில் சிரிக்கவைப்பது இஸ்மாயில் என்று எல்லாரும் நினைக்கிறோம், என்னைக் கேட்டால் பாதிச் சிரிப்பு அத்தியாவின் கணக்கில் சேர வேண்டியது. இருவரும் சேராத இஸ்மாயில் படங்களையும் பார்த்துவிட்டு வந்து சண்டை போடுங்கள், தயார்.

அந்தப் படங்கள் ராணுவப் பிரச்சாரம்தானே?

ஆமாம், ஒளித்து வைக்க ஒன்றும் இல்லை. 1952 ஜூலை 23இல் இளம் அதிகாரிகள் மன்னராட்சியைக் கவிழ்த்தார்கள். புதிய அரசுக்குப் படைகள் மீது மக்களுக்குப் பிரியம் வர வேண்டியிருந்தது. இயக்குநர் ஃபதீன் அப்துல் வஹாபே முன்பு ராணுவ அதிகாரியாக இருந்தவர். அணிவகுப்பு, கப்பல், விமானம், கொடி எல்லாம் பளபளவென்று வரும், கடைசியில் கோழையும் வீரனாவான்.

ஆனால் வேடிக்கை பாருங்கள், படையைப் புகழ வந்த படத்தில் படையின் முகமாக மக்கள் மனதில் நின்றது பளபளப்பான அதிகாரிகள் இல்லை. எதற்கெடுத்தாலும் கத்துகிற, கொஞ்சம் மந்தமான, ஆனால் வஞ்சம் இல்லாத இந்த சார்ஜென்ட். கட்டாய ராணுவ சேவைக்குப் போய்வந்த ஒவ்வொரு எகிப்தியனும் இப்படி ஒருவரிடம் திட்டு வாங்கியிருப்பான். அந்த அனுபவத்தைப் பார்த்துச் சிரிக்கப் படமே அனுமதி கொடுத்தது. அது அரசு திட்டமிட்டதா என்று தெரிந்துகொள்ள வேண்டிய அவசியம்கூட இல்லை, சிரிப்பு தானாக அங்கே போய்விட்டது.

காமெடி மட்டும்தானா?

இல்லவே இல்லை. ‘ரய்யாவும் சகீனாவும்’ பாருங்கள், ராத்திரியில் தனியாக வேண்டாம்.

இது நிஜக் கதை. அலெக்ஸாந்திரியாவின் லப்பான் பகுதியில் 1920 வாக்கில் பெண்கள் ஒவ்வொருவராகக் காணாமல் போனார்கள். நகைக்காக அவர்களைக் கொன்று வீட்டுக்குள்ளேயே புதைத்தது ரய்யா, சகீனா என்ற இரண்டு சகோதரிகளும் அவர்களுடைய கணவர்களும் கூட்டாளிகளும். வழக்கில் 17 கொலைகள். 1921 டிசம்பரில் தூக்கு. இன்றைக்கும் எகிப்தில் குழந்தைகளைப் பயமுறுத்த அந்த இரண்டு பெயர் போதும்.

1950களின் தொடக்கத்தில் ஸலாஹ் அபூ ஸைஃப் இதைப் படமாக்கினார். திரைக்கதையில் அவரோடு சேர்ந்து வேலை செய்தவர் நகீப் மஹ்ஃபூஸ், பின்னால் 1988இல் நோபல் வாங்கிய அதே நாவலாசிரியர்தான். ரய்யாவாக நஜ்மா இப்ராஹிம், சகீனாவாக ஸூஸூ ஹம்தி அல் ஹகீம். ரய்யாவின் கணவன் ஹஸபல்லாவாக ரியாத்.

அத்தியாவை முதலில் பார்த்துவிட்டு இதற்கு வருபவர்களுக்கு ஒரு தடுமாற்றம் ஏற்படும். அதே உடம்பு, அதே கனத்த குரல், அதே முறைப்பு. அவர் எதையும் மாற்றிக்கொள்ளவே இல்லை. அங்கே சிரிப்பு வந்தது, இங்கே வயிற்றைப் பிசைகிறது. பெரிய நடிகர்கள் வேடத்துக்கு வேடம் ஆளே தெரியாமல் மாறுவார்கள் என்று நாம் புகழ்வோம், ரியாத் அதற்கு நேர் எதிர். தன்னிடம் இருந்த ஒரே முகத்தை வைத்துக்கொண்டு, எதிரே யார் நிற்கிறார்கள் என்பதை மட்டும் மாற விட்டார். பயந்து நடுங்கும் ஒரு பெண் எதிரே நின்றால் அந்த முகம் கொலைகாரனுடையது, இஸ்மாயில் நின்றால் பாவப்பட்ட சார்ஜென்ட்.

தயாரிப்பாளர்களுக்கும் இது புரிந்திருக்க வேண்டும். 1955இல் ‘இஸ்மாயில் யாசீன் ரய்யாவையும் சகீனாவையும் சந்திக்கிறார்’ என்று அதே பயங்கரத்தைக் கிண்டலாகவும் எடுத்தார்கள், நஜ்மாவும் ஸூஸூவும் ரியாதும் அதிலும் இருக்கிறார்கள். கொலைகாரிகளாக நடித்தவர்களை வைத்தே கொலைகாரிகளைக் கேலி செய்தது கொஞ்சம் தைரியம்தான்.

‘மிஸ் ஹனஃபி’ படத்தில் வருபவரும் இவரா?

இவரேதான், அபூ ஸரீ என்ற கசாப்புக் கடை ஆள். 1954 படம், இயக்கம் மறுபடியும் ஃபதீன் அப்துல் வஹாப். பெண்களை அடக்கி ஒடுக்கியே பழகிய ஹனஃபி என்ற ஆண் (இஸ்மாயில் யாசீன்) ஓர் அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு பெண்ணாகி, அதே அடக்குமுறையைத் தானே அனுபவிப்பதுதான் கதை. அந்தப் பெண்ணை உருகி உருகிக் காதலித்து மணக்கும் ஆளாக ரியாத். இத்தனை பெரிய உருவம் வெட்கப்பட்டு நெளிவதைப் பார்க்க வேண்டுமே! 1954ஐ நினைத்தால் துணிச்சலான கதை, சில இடங்கள் இன்றைக்கு நெருடும், அதையும் சொல்லிவிடுகிறேன்.

இவ்வளவு திறமை இருந்தும் ஏன் கதாநாயகன் ஆகவில்லை?

அந்தக் கால எகிப்தியப் படத்துக்கு நாயகன் என்றால் ஒன்று பாட வேண்டும், இல்லையென்றால் பாடுகிற பெண் காதலிக்கும்படி இருக்க வேண்டும். காமெடியனுக்கு விதிவிலக்கு உண்டு, ஆனால் அந்த இடத்தில் இஸ்மாயில் உட்கார்ந்திருந்தார். தவிர, வேலை நடந்த விதமும் ஒரு காரணம். 1940களின் கடைசியிலும் 50களிலும் எகிப்தில் வருடத்துக்கு ஏறக்குறைய 50, 60 படங்கள் வந்தன. வேகமாக எடுத்து வேகமாக விற்க வேண்டும். ஆள் உள்ளே வந்த உடனேயே இவன் அடியாள், இவள் மாமியார், இவன் பார்க்காரன் என்று பார்வையாளருக்குத் தெரிந்துவிட்டால் பத்து நிமிடக் கதை மிச்சம். அதனால் ஒரு முகம் ஒரு வேடத்தில் எடுபட்டுவிட்டால் அதை மாற்ற யாருக்கும் மனசு வராது. தொடர்ந்து வேலை கிடைத்தது, ஆனால் எப்போதும் அதே வேலை.

இவரைப் பற்றி ஏன் இவ்வளவு குறைவாக எழுதியிருக்கிறார்கள்?

துணை நடிகர்களுக்குப் பேட்டி கிடையாது, அதுதான் முதல் காரணம். அன்றைய கெய்ரோவில் சினிமாப் பத்திரிகைகளுக்குப் பஞ்சமே இல்லை, ஆனால் அட்டையும் நடுப்பக்கமும் ஃபாத்தன் ஹமாமாவுக்கும் லைலா முராதுக்கும் ஃபரீத் அல் அத்ரஷுக்கும் போய்விடும். அத்தியாக்களைப் பற்றி எழுதினால் ஒரு துணுக்கு, அல்லது நோயில் விழுந்த பிறகு ஒரு இரக்கச் செய்தி. அதனால்தான் இவருடைய வாழ்க்கையில் கடைசி வருடம் பற்றிய கதைகள் கொட்டிக் கிடக்கின்றன, அதற்கு முந்தைய 50 வருடங்கள் ஒரு பத்தியில் முடிந்துவிடுகின்றன.

இரண்டாவது, டைட்டில் கார்டு. தொடக்க காலப் படங்களில் சின்ன வேடக்காரர்களின் பெயர் வராமலே போவது சாதாரணம். பின்னால் தரவுத்தளம் தொகுப்பவர்கள் முகத்தைப் பார்த்துப் பெயர் சேர்க்கிறார்கள். எல்சினிமா மாதிரி அரபுத் தளங்கள் இதில் பெரிய வேலை செய்திருக்கின்றன. ஆனாலும் தளத்துக்குத் தளம் இவருடைய படங்களின் எண்ணிக்கை மாறும், நூறு என்று ஒருவர் எழுதியதை இன்னொருவர் நூற்றைம்பதாக்குவார். எண்ணைப் பார்த்து அசராதீர்கள்.

மூன்றாவது கொஞ்சம் விசித்திரம். எகிப்தில் தொலைக்காட்சி 1960 ஜூலையில் வந்தது. இஸ்மாயில் படங்களைத் திரும்பத் திரும்பப் போட்டுப் போட்டு, அத்தியா அரபு உலகம் முழுக்க வீட்டு ஆள் ஆனது அதற்கப்புறம்தான். அந்தப் புகழ் வளர்ந்தபோது ரியாத் படுக்கையில் இருந்தார், சீக்கிரமே இல்லாமலும் போனார். கேட்டு எழுதிவைக்க ஆள் இல்லை. அந்த ஒளிபரப்புகளால் அவருக்கு ஒரு காசும் வந்திருக்காது, துணை நடிகருக்குப் படத்துக்கு ஒரு தொகை, அத்தோடு சரி.

தேடினால் சரியாகக் கிடைப்பதில்லையே?

ஆங்கில எழுத்தில் இவர் பெயரைக் குறைந்தது ஆறேழு விதமாக எழுதுகிறார்கள். ரியாத், ரியாட், ரெயாத், அதற்கப்புறம் கே-யில் தொடங்கும் கஸப்கி, க்யூ-வில் தொடங்கும் கஸப்கி, கடைசியில் கி-யா ஜி-யா என்று ஒரு குழப்பம் (கெய்ரோக்காரர்கள் மற்ற அரபுகளின் ஜ-வை க-வாக உச்சரிப்பவர்கள், ஜமாலை கமால் என்பார்கள்). ஏதாவது ஓர் அரபுப் பக்கத்திலிருந்து பெயரை நகலெடுத்து ஒட்டித் தேடுவதுதான் வேகமான வழி. ‘ஷாவீஷ் அத்தியா’ என்பதை அரபியில் போட்டால் வீடியோக்கள் குவியும்.

உம் குல்தூமுடன் ஊத் வாசித்த கஸப்கி இவருக்கு என்ன உறவு?

அவர் வேறு ஆள். முகம்மது அல் கஸப்கி, இசையமைப்பாளர், எகிப்தின் பெரும் பாடகி உம் குல்தூமின் மேடையில் பின்னால் நாற்காலியில் உட்கார்ந்து ஊத் என்ற தந்தி வாத்தியத்தை வாசித்தவர், 1966இல் இறந்தார். பெயர் ஒற்றுமையால் இணையத்தில் படங்கள் இடம் மாறிப் போயிருக்கும். ஊத் இருந்தால் அவர், முறைத்தால் இவர்.

கடைசிக் காலம் எப்படி இருந்தது?

மோசமாக. ரத்த அழுத்தம் ஏறி, பக்கவாதம் வந்து, உடம்பின் இடது பக்கம் செயலிழந்தது. படுக்கையோடு முடங்கினார். உடம்பையே முதலீடாக வைத்திருந்த நடிகருக்கு உடம்பு போனால் வருமானமும் போயிற்று, வைத்தியச் செலவுக்கே திண்டாட்டம்.

இந்த நாட்களைப் பற்றி எகிப்தியப் பத்திரிகைகள் திரும்பத் திரும்பச் சொல்லும் சம்பவம் ஒன்று உண்டு. 1962இல் ஹஸன் அல் இமாம் ‘பாவங்கள்’ படத்தை எடுத்துக்கொண்டிருந்தார், அப்துல் ஹலீம் ஹாஃபிஸ் நடித்தது. ரியாத் கொஞ்சம் தேறிவிட்டார் என்று கேள்விப்பட்ட இயக்குநர், உதவின மாதிரியும் இருக்கும், அவருக்கு உற்சாகமாகவும் இருக்கும் என்று ஒரு சின்ன வேடத்துக்குக் கூப்பிட்டு அனுப்பினாராம். ரியாத் தன் சகோதரியின் தோளைப் பிடித்துக்கொண்டு, காலை இழுத்து இழுத்து ஸ்டூடியோவுக்கு வந்தாராம். அந்த நிலையைப் பார்த்ததும் ஹஸன் அல் இமாமுக்கு மனசு கேட்கவில்லை, இன்னும் கொஞ்சம் ஓய்வு எடுங்கள் என்று சமாதானம் சொல்லியிருக்கிறார். இவர் விடவில்லை, முடியும் என்று பிடிவாதம். கேமரா முன் நின்றவர் அப்படியே கீழே விழுந்துவிட்டார். அழுதுகொண்டே வீடு திரும்பினார் என்கிறார்கள். அதற்குப் பிறகு அவர் கேமரா முன் வரவில்லை. அடுத்த ஏப்ரலில் இறந்தார், வயது 59.

அடக்கம் செய்யக்கூடப் பணம் இல்லை என்பது உண்மையா?

அப்படித்தான் எங்கும் எழுதியிருக்கிறார்கள், ஒரு தயாரிப்பாளர் முன்வந்து செலவை ஏற்ற பிறகுதான் அடக்கம் நடந்தது என்று. ஒருவரைப் பார்த்து ஒருவர் எழுதிய வடிவங்கள் இவை, விவரங்கள் ஆளுக்கு ஆள் மாறும். வறுமையில் இறந்தார் என்பதில் மட்டும் யாரும் மாறுபடவில்லை. இதைத் துக்கப் பின்னணி இசையோடு வீடியோ போட்டு லைக் வாங்குகிறவர்கள் மேல் எனக்குக் கொஞ்சம் எரிச்சல் உண்டு. 25 வருட நடிப்பைப் பற்றி ஒரு வார்த்தை இருக்காது, சாவைப் பற்றிப் பத்து நிமிடம்.

இவரைப் போல வேறு யார் யார்?

நிறைய. அப்துல் ஃபத்தாஹ் அல் கஸ்ரி, மாறுகண், குட்டை உருவம், ‘மிஸ் ஹனஃபி’யில் அப்பாவாக வருவார். ‘இப்ன் ஹமீதோ’ (1957) படத்தில் மனைவி ஒரு அதட்டு அதட்டியதும், தன் வார்த்தை ஒருநாளும் இறங்காது என்று சொன்னவர், சரி இந்தத் தடவை இறங்கட்டும் என்பார், அது எகிப்தில் பழமொழி மாதிரி ஆகிவிட்டது. ஸ்தீஃபான் ரோஸ்தி, இத்தாலிய அம்மாவுக்குப் பிறந்தவர், வழுக்கிப் பேசும் வில்லன். 1927இல் அஸீஸா அமீர் தயாரித்த ‘லைலா’ என்ற மௌனப் படத்தை இயக்கி முடித்தவரும் அவர்தான் என்பது பலருக்குத் தெரியாது. ஸீனத் ஸித்கி, கல்யாணம் ஆகாத முதிர்கன்னி வேடங்களின் ராணி, அவர் மட்டும் 1978 வரை இருந்தார். 1963 ஏப்ரலில் ரியாத், 1964 மார்ச்சில் கஸ்ரி, அதே வருடம் மே மாதம் ரோஸ்தி என்று ஒரு வருடச் சொச்சத்தில் மூவரும் போய்விட்டார்கள். 60களின் நடுவில் வந்த இஸ்மாயில் படங்கள் ஏன் சப்பென்று இருக்கின்றன என்று கேட்பவர்களுக்கு இதுவும் பதிலில் ஒரு பகுதி.

எதிலிருந்து பார்க்க ஆரம்பிக்கலாம்? அரபி தெரியாதே.

‘இஸ்மாயில் யாசீன் கடற்படையில்’ படத்தில் ஆரம்பியுங்கள். அத்தியா காட்சிகளுக்கு மொழி பெரும்பாலும் தேவையே இல்லை, மிரட்டல், முழிப்பு, ஓட்டம் என்று உடம்பாலேயே நடக்கும். பிடித்தால் ‘ராணுவத்தில்’, அப்புறம் ‘மிஸ் ஹனஃபி’. ‘ரய்யாவும் சகீனாவும்’ கடைசியில். வரிசையை மாற்றிப் பார்த்தால் ஹஸபல்லா மனசில் உட்கார்ந்துகொண்டு அத்தியாவைப் பார்த்துச் சிரிக்க விடமாட்டார்.

யூடியூபில் இந்தப் படங்கள் முழுதாகவே கிடைக்கின்றன, சிலவற்றுக்கு ஆங்கில சப்டைட்டில் உண்டு. வளைகுடாவில் இருப்பவர்கள் பழைய படம் போடும் அரபுச் சேனல்களை, உதாரணமாக ரோட்டானா கிளாசிக்கை, கொஞ்சம் கவனியுங்கள், மதிய நேரத்தில் எப்படியும் ஒரு இஸ்மாயில் படம் வந்து மாட்டும். கூட வேலை செய்யும் எகிப்தியரிடம் “பொரோரொம்” என்று சொல்லிப் பாருங்கள், மிச்சக் காட்சியை அவரே நடித்துக் காட்டுவார்.

குழந்தைகளோடு பார்க்கலாமா?

படைத் தொடர் தாராளமாக. ‘மிஸ் ஹனஃபி’க்குக் கொஞ்சம் விளக்கம் சொல்ல வேண்டிவரும். ரய்யா வேண்டாம்.